ஒரு வள்ளம் தவிடு

எங்கள் வீட்டில் கண்ணாடி கிடையாது. சூரமங்கலத்துக்குப் பக்கத்தில் எட்டு ஏக்கர் கிணற்றுப் பாசனம், இரண்டு ஜோடி மாடு, ஓட்டு வீடு எல்லாம் இருந்தும், முகம் பார்க்க ஒரு கைக்கண்ணாடி இல்லாத குடும்பம் அந்த வட்டாரத்திலேயே எங்களுடையது ஒன்றுதான். அம்மா நெற்றியில் வைக்கும் பொட்டு எப்போதும் ஒரு பக்கமாக ஒதுங்கியிருக்கும். "ஏனம்மிணி, இன்னிக்கு உன்ற பொட்டு எந்தூருக்குப் பொறப்பட்டுப் போகுது?" என்று அத்தைமார் கேலி பேசுவார்கள். அம்மாவும் கூடச் சேர்ந்து சிரிப்பாள். கண்ணாடி வாங்கித் தரச் சொல்லி நான் தரையில் புரண்டு அழுதபோது மட்டும் சிரிக்கவில்லை. "மூஞ்சியப் பாத்து என்ன பண்ணப்போற?" என்று அதட்டிவிட்டு மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போய்விட்டாள். கஞ்சத்தனம் என்று நினைத்தேன். எட்டு வயதில் அம்மாவைப் பற்றி எனக்கு எல்லாம் தெரியும் என்ற நினைப்பு இருந்தது.

அம்மாவின் பெயர் பத்திரங்களில் செல்லியம்மாள். பிறந்த ஊரில் அவள் தவுட்டாயி. அந்த ஊர் திருச்செங்கோட்டுப் பக்கம், காவிரிக்கு அருகில் இருக்கிறது. அவளைப் பெற்ற ஆத்தாயிக்கு அதற்கு முன் மூன்று குழந்தைகள் பிறந்தன. ஒன்றும் ஒரு மாதம் தாண்டவில்லை. 1919இல் நாலாவதாக அம்மா பிறந்ததும், எமனுக்கு இந்த வீட்டுக்கு வழி பழகிவிட்டது, இதையாவது அவன் கண்ணிலிருந்து மறைக்க வேண்டும் என்று முடிவு செய்தார்கள். மறைப்பதற்கு ஊரில் ஒரு வழி இருந்தது.

அவர்கள் சோளக்காட்டில் வேலை செய்த பெருமாயிக்கு ஐந்து பிள்ளைகள். ஐந்தும் கல்லுக்குண்டு மாதிரி இருந்தன. கடைசிப் பெண் சின்னாயி அப்போது கைக்குழந்தை. அம்மா பிறந்த ஐந்தாம் நாள் பெருமாயி வந்து, குழந்தையை முறத்தில் போட்டுக் குப்பைமேட்டில் வைத்தாள். பிறகு, "ஐயோ, இது என்ற புள்ளையல்லோ" என்று சத்தமாகச் சொல்லி எடுத்துக்கொண்டு தன் குடிசைக்குப் போய்விட்டாள். சின்னாயிக்கு ஒரு பக்கம், அம்மாவுக்கு ஒரு பக்கம் என்று பொழுது சாயும்வரை பால் கொடுத்தாள். அதன்பின் ஆத்தாயி ஒரு வள்ளம் தவிடு அளந்து கொண்டுபோய்க் கொடுத்து, குழந்தையை விலைக்கு வாங்கி வந்தாள். இனி எமன் வந்து பார்த்தால் அது பெருமாயியின் பிள்ளை. ஆத்தாயி வீட்டில் இருப்பது தவிட்டுக்கு வாங்கிய ஏதோ ஒன்று. அதனால்தான் தவுட்டாயி என்ற பெயரும்.

எமனை இத்தனை சுலபத்தில் ஏமாற்றலாமா என்று யாரும் சிரிக்கலாம். எனக்குச் சிரிக்க வாய் இல்லை. அம்மா பிழைத்தாள், அவளுக்குப் பின் அப்புசாமி மாமாவும் பிறந்து பிழைத்தார்.

இதில் ஒரு கட்டுப்பாடு உண்டு. குழந்தையை யாரும் ஆத்தாயியின் மகள் என்று வாய்விட்டுச் சொல்லக் கூடாது. சொன்னால் எமன் காதில் விழுந்துவிடும். ஆகவே ஆத்தாயி ஒருநாளும் "என் பிள்ளை" என்று சொன்னதில்லை. அடம் பிடித்தால், "உன்னெத் தவுட்டுக்குத்தான வாங்குனேன், போ, உங்காத்தா ஊட்டுக்கே போயிரு" என்பாள். ஊரும் அதையே சொல்லும். ஆடிப் பதினெட்டுக்குப் பதினெட்டு பெருமாயி கருப்புக் கண்ணாடி வளையல் கொண்டுவந்து, "என்ற தவுட்டு, என்ற சாமி" என்று தெருவுக்கே கேட்கும்படி சொல்லிக் கைகளில் போட்டுவிடுவாள். அம்மா அதையெல்லாம் அப்படியே நம்பினாள். நம்பாமல் இருக்க ஒரே ஒரு வார்த்தையாவது யாராவது சொல்லியிருக்க வேண்டுமே. சின்ன வயதில் அது அவளுக்கு ஒரு குறையாகவும் படவில்லை. இரண்டு வீட்டிலும் சோறு தின்றாள், சின்னாயியோடு ஒரே கூழ்ச் சட்டியில் கை விட்டாள்.

அம்மாவுக்கு ஒன்பது வயதானபோது வைகாசித் தேருக்குத் திருச்செங்கோடு போனார்கள். நாமக்கல்லிலிருந்து பெரியப்பன் மகள் பழனியம்மாளும் வந்திருந்தாள். பதின்மூன்று வயது, காதில் கழுத்தில் தங்கம், பேச்சில் கொஞ்சம் டவுன் மிடுக்கு. அம்மாவுக்கு அவள் பக்கத்தில் நடப்பதே பெருமையாக இருந்தது. சேலத்துக்காரன் ஒருவன் வளையல் கடை போட்டு, கூட்டம் சேர்க்க ஆள் உயரக் கண்ணாடி ஒன்றை நிறுத்தி வைத்திருந்தான்.

அம்மா அதுவரை தன்னை முழுசாகப் பார்த்ததில்லை. வீட்டுக் கைக்கண்ணாடியில் ஒரு கண்ணோ மூக்கோ தெரியும், அவ்வளவுதான். இங்கே பச்சைப் பாவாடை கட்டிய ஒரு பெண் தலையிலிருந்து கால்வரை நின்றாள். அம்மா கையைத் தூக்கினாள், அவளும் தூக்கினாள். "நானுன்னு ஒருத்தி இருக்கறேன், இத்தன நாளா எல்லாரும் என்னெப் பாத்துட்டு இருந்திருக்கறாங்கன்னு அப்பத்தான் தெரிஞ்சுது" என்று அம்மா பின்னால் என்னிடம் சொன்னாள். முதலில் சந்தோஷமாக இருந்ததாம். பிறகு பாவாடை ஒரு பக்கம் ஏறியிருப்பது தெரிந்து இறக்கிவிட்டாள். கால் புழுதியைப் பார்த்துவிட்டு ஒரு காலை இன்னொரு காலுக்குப் பின்னால் ஒளித்தாள்.

அந்த நேரம் பார்த்துக் கண்ணாடிக்குள் பெருமாயி வந்தாள். ஒட்டுப் போட்ட சேலை, வெற்றிலை வாய், வெயிலில் நடந்து வந்த முகம். கையில் தேர்க்கடையில் வாங்கிய கருப்பு வளையல். ஆடிக்கு இன்னும் இரண்டு மாதம் இருந்தது, அதற்குள் வாங்கிவிட்டாள்.

"தவுட்டு, இங்கயா சாமி நிக்கற? கையக் குடு, அளவு பாத்துக்கறேன்."

பழனியம்மாள் திரும்பினாள். "ஏ அம்மிணி, இது ஆரு? உன்ற பேரச் சொல்லிக் கூப்புடுது."

கண்ணாடியில் இரண்டு முகங்களும் ஒன்றன்பின் ஒன்றாக நின்றன. என்னைப் பெற்றவள் இவள் என்று சொன்னால் பழனியம்மாள் என்ன நினைப்பாள் என்பதுதான் அம்மாவுக்கு வந்த எண்ணம்.

"எனக்குத் தெரியாது. ஆரோ" என்றாள்.

பெருமாயியின் நீட்டிய கை ஒரு நிமிடம் அப்படியே இருந்தது. பிறகு அவள் பழனியம்மாளைப் பார்த்துப் பேசினாள். "ஆள் மாறிப்போச்சுங்க அம்மிணி. எங்கூட்டுப் புள்ளையாட்ட இருந்துச்சு. கண்ணுஞ் செரியாத் தெரியறதில்லீங்க."

பெருமாயிக்கு அப்போது முப்பத்தைந்து வயதுகூட இருக்காது. இரண்டு காடு தாண்டி நிற்கும் ஆட்டை அடையாளம் சொல்லும் கண் அவளுக்கு. அவள் கூட்டத்துக்குள் போவதை அம்மா கண்ணாடியில் பார்த்தாள். திரும்பி ஆளைப் பார்க்கவில்லை.

ஊருக்கு வந்ததும் பெருமாயி சொல்லிக் கொடுத்துவிடுவாள், அடி விழும் என்று அம்மா காத்திருந்தாள். அடி விழுந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். பெருமாயி யாரிடமும் ஒன்றும் சொல்லவில்லை. அந்த ஆடிக்கு வந்தவள், கையைப் பிடிக்காமல் வளையலைக் கொல்லைப்புறத்து முறத்தில் வைத்து, "போட்டுக்குங்க அம்மிணி" என்று மெதுவாகச் சொல்லிவிட்டுப் போய்விட்டாள். சாமியும் இல்லை, தவுட்டும் இல்லை. சின்னாயிக்கும் சொல்லி வைத்திருப்பாள் போலிருக்கிறது, அவளும் அன்றிலிருந்து "வாங்க போங்க" என்றாள். ஆத்தாயிக்கு இதில் மகா திருப்தி. "புள்ள பெருசாச்சல்லோ, மருவாதி தெரிஞ்சு நடந்துக்கறா" என்றாள். 

பதினாறு வயதில் சூரமங்கலத்தில் பேசி முடித்தார்கள். கல்யாணத்துக்கு முன்தினம் மஞ்சள் பூசிக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது அம்மா ஆத்தாயியிடம் கேட்டாள். "நாம் போறதுக்கு முன்னால ஒண்ணு சொல்லீரு. என்னெப் பெத்தவ பெருமாயிதான?"

ஆத்தாயி முதலில் சிரித்தாள். மகளின் முகத்தைப் பார்த்ததும் கதவைச் சாத்தினாள். அப்போதும் எமனுக்குப் பயந்து காதோடுதான் சொன்னாள். "நாந்தான் சாமி பெத்தேன். வாயத் தொறந்து சொன்னா உன்னெ எடுத்துக்குவானேன்னு பதனாறு வருசமா நெஞ்சுக்குள்ள வெச்சுட்டு இருக்கறேன். நீ நெசம்னே நம்பிட்டியா?"

அம்மாவுக்கு முதலில் வந்தது ஒரு "அப்பாடா". அவள் அதை என்னிடம் மறைக்கவில்லை. "அந்த அப்பாடாவுக்கு எனக்கு மன்னிப்பே கெடையாது" என்றாள். எனக்கு அது புரியக் கொஞ்ச காலம் ஆனது. வேலைக்காரப் பெண் ஒருத்தியைத் தெரியாது என்று சொன்னதாக அவள் தன்னைச் சமாதானம் செய்துகொள்ள முடியாது. தேர்க் கூட்டத்தில் நின்றவள், இவள்தான் என்னைப் பெற்றவள் என்று மனதார நம்பிக்கொண்டேதான் "ஆரோ" என்றாள். நிஜம் வேறாக இருந்தது வெறும் அதிர்ஷ்டம். அதற்காக அவள் மனம் நிம்மதிப்பட்டதும் சேர்ந்துகொண்டது. போய்ப் பெருமாயியின் காலைப் பிடித்திருக்கலாம். வெட்கம் விடவில்லை. அடுத்த வருடம், அடுத்த வருடம் என்று தள்ளிப் போட்டுப் பத்து வருடத்துக்கு மேல் ஓட்டிவிட்டாள்.

1946 ஆடியில் என்னையும் தம்பியையும் கூட்டிக்கொண்டு அம்மா பிறந்த ஊருக்கு வந்தாள். ஆத்தாயி முந்தின வருடமே இறந்துவிட்டாள். வீட்டில் அப்புசாமி மாமாதான். பதினெட்டுக்கு நாலு நாள் இருக்கும்போது பெருமாயி காலமானாள் என்று தகவல் வந்தது.

"எட்ட நின்னு பாத்துட்டு வந்துரக்கா. நாலு பேரு பாக்கறாப்பல உள்ள போயி உக்காந்துக்காத" என்றார் மாமா. அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தாள். மாமா வேறு வழியில்லாமல் பின்னால் வந்தார்.

பெருமாயியைக் குடிசை வாசலில் கிடத்தியிருந்தார்கள். பெண்கள் வட்டமாகத் தோளைக் கட்டிக்கொண்டு ஒப்பாரி வைத்தார்கள். அந்த வட்டத்தில் பெற்ற பெண்களுக்குத்தான் முதல் இடம். அம்மா நேரே போய்ச் சின்னாயியின் பக்கத்தில் மண்ணில் உட்கார்ந்தாள். பாட்டு நின்றுவிட்டது. எல்லாரும் அம்மாவையும், வெளியே நின்ற மாமாவையும் மாறி மாறிப் பார்த்தார்கள். அம்மா களை எடுக்கும்போது பாட்டுக் கட்டுவாள், எனக்குத் தெரியும். இதை எப்போது கட்டி வைத்தாளோ தெரியாது. 'என்னப் பெத்த தாயே' என்றுதான் எல்லாரும் தொடங்குவார்கள். அம்மா வேறு மாதிரி தொடங்கினாள்.

கண்ணாடிக் கடையோரம் – என்ன வித்த தாயே
கண்டேனே என்னுருவம்
முன்னால நான் நின்னேன் – என்ன வித்த தாயே
பின்னால நீ வந்தே

பாவாடை மினுங்கிச்சு – என்ன வித்த தாயே
பாவி மனம் இருண்டுருச்சு
ஆருன்னு கேட்டாங்க – என்ன வித்த தாயே
ஆரோன்னு சொன்னேனே

ஒம்பது வயசுல நான் – என்ன வித்த தாயே
ஒருநொடியில் வளந்தேனே
வளந்த உசரத்துல – என்ன வித்த தாயே
உன்ன மட்டும் தொலைச்சேனே

யாரும் கூடப் பாடவில்லை. மாமா தலையைக் குனிந்துகொண்டார். எனக்கு அம்மாவின் மேல் கோபம் வந்தது. இத்தனை பேர் நடுவில் இப்படியா நம் மானத்தை வாங்குவது என்று இருந்தது. அந்தக் கோபத்தை நினைத்தால் இப்போது எனக்கு வெட்கமாக இருக்கிறது. நானும் அன்று அவளைத் தெரியாத மாதிரிதான் தள்ளி நின்றேன்.

சின்னாயி சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தாள்.

"அது எங்களுக்குத் தெரியுமுங்க" என்றாள். "தேருக்குப் போயிட்டு வந்தன்னிக்கே எங்காத்தா சொல்லுச்சு. 'சின்னப் புள்ள, வெவரம் தெரியாம என்னெத் தெரியாதுன்னு சொல்லிப்போடுச்சு. எமங் காதுல உழுந்திருக்குமே, இனி என்ன பண்ணறது'ன்னு ஒரே அழுகைங்க. பொறவு அதாவே ஒரு ரோசனை பண்ணுச்சு. வாங்குன தவுட்டத் திருப்பிக் குடுத்துட்டாப் புள்ள மறுக்காவும் நம்முளுதுதானன்னு, அந்த ஆடியில இருந்து வருசந் தவறாம ஒரு வள்ளம் தவுடு கொண்டுபோயிக் குப்பமேட்டுல கொட்டிட்டு, 'தவுட்டு என்ற புள்ள'ன்னு சொல்லிட்டு வந்துருமுங்க."

அம்மா அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சண்டைக் காலத்துல அரிசி கெடைக்காம நாங்க தவுட்டத்தான் கரைச்சுக் குடிச்சமுங்க. அப்பவும் ஒரு வள்ளம் தனியா எடுத்து வெச்சுருச்சு. பேரப் புள்ளைங்க பசிக்குதுன்னு அழுதுச்சுங்க. 'அங்க ஒரு உசுரு இருக்குது, அதத் தொடாதீங்க'ன்னு சொல்லிப்போடுச்சு."

அந்த வருடம் எங்கள் வீட்டுக் குதிரில் கம்பு நிறைய இருந்தது. எனக்கே நினைவு இருக்கிறது, மூடி பொருந்தாமல் இரண்டு பேர் அமுக்கி மூடினார்கள்.

அம்மா பெருமாயியின் காலைப் பிடித்துக்கொண்டு குனிந்து கிடந்தாள். எடுக்கிற நேரம் ஆகிவிட்டது என்று ஆண்கள் சொன்ன பிறகுதான் நிமிர்ந்தாள்.

"பதனெட்டுக்கு இன்னும் நாலு நாள் இருக்குதுங்க" என்றாள் சின்னாயி. "கவலப்படாதீங்க. இனி நாங் கொட்டிக்கறேன்."

அம்மா அவள் கையைப் பிடித்தாள். "சின்னாயி, என்னெ ஒருக்கா தவுட்டுன்னு கூப்புடு."

சின்னாயி வெளியே நின்ற மாமாவைப் பார்த்தாள். அம்மாவின் கழுத்துச் சங்கிலியைப் பார்த்தாள். பிறகு தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னாள்.

"அது இனி வராதுங்க, அம்மிணி."

கோபமாகச் சொல்லவில்லை. உறைமோர் கேட்டு வந்த பக்கத்து வீட்டுக்காரியிடம் தீர்ந்துவிட்டது என்று சொல்வதுபோலத்தான் சொன்னாள்.