ஸ்கொட்லாந்தில் நான் வைத்த சூப்

இத்தாலியின் பலெர்மோவில் நான் பார்த்துக்கொள்ளும் வயதான அம்மையார், சினியோரா, ஒரு ஸ்கொட்லாந்துக்காரி. கை நடுங்குவதால், தன் ஊர் நினைவுகளை அவர் சொல்லச் சொல்ல நான் கணினியில் அடிப்பேன். மன்னார் கன்னியர் மடத்தில் படித்த ஆங்கிலம் வீண்போகவில்லை. ஆனால் என்ன ஊரப்பா அது! பக்கத்துக்குப் பக்கம் மழை, மூடுபனி, செம்மறியாடு. ஒரு குன்றில் ஏற நாலு பக்கம்; ஏறினால் அங்கேயும் மழை. விசிறிக்கு முன்னால் வியர்த்துக்கொண்டே அத்தனையையும் அடித்தேன்.

மூன்றாம் அத்தியாயம் அவருடைய அக்காவைப் பற்றியது. ஏதோ சண்டையில் பேச்சு நின்று பதினொரு வருடம். இதை அனுப்பினால் அக்காவின் மனம் இளகாதா என்பது சினியோராவின் ஆசை. அக்காவுக்கு வயது எண்பத்தாறு. இனித் தள்ளிப்போட முடியாது.

அவர் சொன்னதோ இப்படி: பகல் முழுக்க மழையில் நடந்து அக்கா வீட்டுக்குப் போனோம், தேநீரும் ஒரு பிஸ்கட்டும் தந்தாள். எனக்குக் கை ஓடவில்லை. வந்தவர்களைப் பட்டினி போட்டாய் என்று எழுதி, அதை அவருக்கே அனுப்பினால் எப்படி ராசியாவது? சினியோரா மருந்து குடிக்க எழும்பிய நேரம் பிஸ்கட்டை அழித்துவிட்டு, சூடான சூப்பும் பாணும் வைத்தேன். அன்று காலை பல்லரோ சந்தையில் வாள்மீன் வாங்கியிருந்தேன். அதையும் சூப்பில் போட்டேன். கண் மங்கிய சினியோரா அப்படியே அனுப்பச் சொன்னார்.

வீட்டில் சொன்னதும் என் மனுசன் தலையில் கைவைத்தார். "அவையின்ரை குடும்பத்துக்குள்ளை நீர் ஏன் சமைக்கப் போனனீர்? வேலை போகப்போகுது." அதன்பிறகுதான் எனக்குப் பயம் பிடித்தது.

நாலாம் நாள் அக்காவிடமிருந்து அழைப்பு வந்தது. காது மந்தமான சினியோரா ஒலிபெருக்கியில் போட்டார். அவர்களுடைய ஆங்கிலம் என் காதில் எங்கள் தமிழாகத்தான் விழுந்தது.

"எங்கடை மலையிலை வாள்மீன் எங்காலை வந்தது?" என்றார் அக்கா.

சினியோரா என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன்.

அக்காவின் குரல் இறங்கியது. "நான் தந்தது ஒரு பிஸ்கட். அண்டைக்கு வீட்டிலை வேறை ஒண்டும் இருக்கேல்லை. அதை எழுதி என்னை வெட்கப்படுத்தாமல் விட்டியே."

இரண்டு பேரும் அழுதார்கள். நானும்தான். ஒரு மணி நேரம் கதைத்து முடித்தபின் சினியோரா என்னைக் கூப்பிட்டார். மனுசன் சொன்னது பலித்துவிட்டது என்று நினைத்தேன்.

"வேறை எங்கையெல்லாம் சமைச்சு வைச்சிருக்கிறீர்?"

இரண்டாம் அத்தியாயத்தில், அவருடைய கணவரின் செத்தவீட்டில் வந்த எல்லோருக்கும் சோறு போட்டதை ஒப்புக்கொண்டேன்.

"அதை அப்பிடியே விடும்," என்றார். "அண்டைக்கும் ஒருத்தரும் சாப்பிடேல்லை."