ரீட்டா விழுந்த வீடியோ

நானும் ரீட்டாவும் யாங்கூனில் ஒரே ரக்பி அணியில் ஆடினோம். மிங்கலா தாங்ஞுன்ட் பகுதியில் அடுத்தடுத்த வீடு. ஒரு நாள் ஆஸ்திரேலியாவிலிருந்து பெண்கள் ரக்பி லீக் கிளப் ஒன்று எங்கள் இருவரின் ஆட்ட வீடியோக்களைக் கேட்டது.

"எனக்குக் கடையில வேலை இருக்கு. என்னோடதையும் நீயே அனுப்பிடுடி" என்று ரீட்டா தன் போனை என்னிடம் கொடுத்துவிட்டுப் போனாள்.

அவள் என்னைவிட நன்றாக ஆடுவாள். அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. அவளுடைய நல்ல ஆட்டங்களையெல்லாம் விட்டுவிட்டு, பந்தைத் தவறவிட்டு அவள் குப்புற விழுந்த வீடியோவை மட்டும் அனுப்பினேன்.

அவளைத்தான் அழைத்தார்கள்.

இரண்டு வருடம் கழித்து, சம்பளம் வாங்கும் வீராங்கனையாக விடுமுறைக்கு வந்தாள். மோஹிங்கா நூடுல்ஸ் கடையில் எதிரெதிரே உட்கார்ந்திருந்தோம்.

"உன்ன எதுக்கு எடுத்தாங்களாம்?"

"விழுந்ததும் எழுந்து, பாதி மைதானம் துரத்திப் போய் பந்தோட ஓடின எதிரணிப் பொண்ண மடக்கினேன்ல, அதுக்காம்."

அவள் விழுந்ததோடு நான் அந்த வீடியோவைப் பார்ப்பதை நிறுத்தியிருந்தேன்.

"உன் வாய்ப்பைக் கெடுக்கத்தான் அத அனுப்பினேன்" என்றேன்.

"தெரியும். எத அனுப்பினன்னு அன்னிக்கே என் போன்ல பாத்தேன்."

"ஏன் கேக்கல?"

"கேட்டா பொய் சொல்லுவ. அப்புறம் நமக்குள்ள பேச்சே நின்னு போயிடும்."

பொறாமை போய்விட்டது என்று சொன்னால் அது பொய். அவள் ஆடுவதைப் பார்த்தால் இன்னும் வயிறு எரிகிறது. இப்போதெல்லாம் அதை அவளிடமே சொல்லிவிடுகிறேன்.