தண்ணீர் டிரம்மில் போட்ட சுருள்

மெல்பேர்ணில் ஒரு பிலிம் லாப்பில் பல வருடம், சுருள்களுக்குப் பிரதி எடுக்கிற பிரிண்டர் ஒப்பரேட்டராக இருந்தேன். எத்தனையோ அடி பிலிமைக் கெடுத்திருக்கிறேன். அதெல்லாம் மறந்து போயிற்று. எழுபதுகளின் நடுவில் ஒரு கிழமை செய்த வேலை மட்டும் இன்னும் நெஞ்சை அரிக்கிறது. இந்த வேலைக்கு இப்போது வருகிற பிள்ளைகளுக்காக எழுதி வைக்கிறேன். அங்கே எல்லாரும் பேசியது இங்கிலீஷ்தான். எனக்கு வருகிற தமிழில் தருகிறேன்.

1. செவ்வாய்க்கிழமை

டெலிவிஷன் விளம்பர வேலை மலையாகக் குவிந்திருந்தது. ஆள் குறைவு. நான் நாளுக்கு இரண்டு ஷிப்ட் செய்துகொண்டிருந்தேன்; நின்றபடியே நித்திரை வரும். அன்று காலை ஒரு ஜப்பானிய அம்மா, துணியில் சுற்றிய தகரப் பெட்டியோடு கவுண்டருக்கு வந்தார். எழுபத்தைந்து வயதிருக்கும். பெயர் கிக்கு. மகள் நவோமி, யுத்தம் முடிந்து ஜப்பானுக்குப் போன அவுஸ்திரேலியச் சிப்பாய் ஒருவனைக் கட்டி இங்கே வந்தவள். தாய் தனித்துப்போனதும் அவரையும் கூப்பிட்டுக்கொண்டாள்.

பெட்டிக்குள் ஊமைப்படக் காலத்துச் சுருள்கள் இரண்டு. இரண்டும் நைட்ரேட், பொறி பட்டாலே குப்பென்று பற்றுகிற பழைய பிலிம்.

"நான் நடிச்சது பதினொரு படம். மிச்சம் இது ஒண்டுதான். மற்றதெல்லாம் பூகம்பத்திலையும் குண்டுவீச்சிலையும் எரிஞ்சு போச்சு. மகள் என்ரை நடிப்பை ஒருநாளும் பாத்ததில்லை, அவளுக்குக் காட்டவேணும்" என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "இதிலை ஒரு விசயம் இருக்கு, தம்பி. முதல் சுருளிலை..." என்று தொடங்கினார்.

பின்னால் போன் அடித்தது. "எல்லாம் நாங்கள் பாத்துக்கொள்ளுவம் அம்மா. இதிலை சைன் வையுங்கோ" என்று, பிரதி எடுத்ததும் பழைய பிலிமை அழிக்கச் சம்மதம் என்கிற படிவத்தை நீட்டினேன். அவர் பேச்சை நிறுத்திக் கையெழுத்து வைத்தார்.

ஃபோர்மன் கெவின் பெட்டியை மோந்து பார்த்து முகத்தைச் சுழித்தான்.

"நாறுது. பழைய நைட்ரேட்டை எரிக்கக் கொண்டுபோற லொறி வெள்ளிக்கிழமை வரும். அதுக்குப் பிறகு இந்தச் சனியன் என்ரை கூரைக்குக் கீழை இருக்கக்கூடாது."

"அதுக்குள்ளை ரெண்டையும் முடிக்க ஏலாது, கெவின். பிலிம் சுருங்கிப்போச்சு. ஒவ்வொரு ஃபிரேமாத்தான் தள்ளவேணும்."

"அப்ப ஒண்டைச் செய். நல்லதாப் பாத்துச் செய்."

அப்போதே அந்த அம்மாவுக்கு ஒரு போன் போட்டுக் கேட்டிருக்கலாம். போடவில்லை. இரண்டு சுருளையும் வெளிச்ச மேசையில் வைத்து லென்ஸால் பார்த்தேன். முதல் சுருளில் ஒரு பெண் ஆற்றங்கரையில் இருந்து அழுகிறாள். கழுத்தின் சாய்வு, விரல்களின் மடிப்பு, கண்ணெடுக்க முடியவில்லை. இரண்டாவதில் வேறு உடுப்பில் ஒருத்தி விறுவிறென்று நடக்கிறாள், ஒரு வாசலில் நின்று தும்முகிறாள், தலையைச் சொறிகிறாள். வேலைக்காரியாக்கும் என்று நினைத்தேன். பார்த்தால் நடிக்கிற மாதிரியே இல்லை.

முதல் சுருளைப் பிரிண்ட் பண்ணினேன். அதற்கே இரண்டரை நாள் போயிற்று. பிரதி எடுத்த சுருளையும் எடுக்காத சுருளையும் தீப் பற்றாமலிருக்க விதிப்படி தண்ணீர் டிரம்மில் போட்டேன். வெள்ளிக்கிழமை லொறி ஏற்றிப் போய் எரித்துவிட்டது.

2. அடுத்த கிழமை

லாப்பின் சின்னத் தியேட்டரில் தாயும் மகளும் இருந்தார்கள். நான்தான் புரொஜக்டரை ஓட்டினேன். ஆற்றங்கரைப் பெண் திரையில் வந்ததும் நவோமி வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு தாயின் கையைப் பிடித்து அழத் தொடங்கினாள்.

"அம்மா, இது நீங்களோ? இவ்வளவு வடிவாய் இருந்தனீங்களோ?"

கிக்கு அம்மா திரையைப் பார்த்தார். திரும்பி என்னைப் பார்த்தார். சுருள் ஓடி முடிந்தது. பிறகு மகளின் கையைத் தட்டிக்கொடுத்து, "ஓம், நான்தான்" என்றார்.

நவோமி காரை எடுக்கப் போனாள். அந்த அம்மா கதிரையை விட்டு எழும்பவில்லை.

"அது நான் இல்லை, தம்பி. அது ஒரு ஆம்பிளை. அந்தக் காலத்திலை படத்திலையும் பொம்பிளை வேசம் ஆம்பிளையள்தான் போடுறது. பாதிப் படம் எடுத்த பிறகு, உண்மையான பொம்பிளை வேணுமெண்டு கொம்பனி என்னைப் பிடிச்சுது. எனக்குப் பதினெட்டு வயசு. கமராவுக்கு முன்னாலை எப்பிடி நடக்கிறதெண்டு பழக்கினதே அந்த மனிசன்தான். தன்ரை வேசத்தைப் பறிச்சவள் எண்டு பாராமல் பழக்கினவர். மற்றச் சுருள் எங்கை?"

எங்கள் ஊர்க் கூத்திலும் பெண் வேடம் கட்டுவது ஆண்கள்தான். விடிய விடிய இருந்து பார்த்தவன் நான். அப்படிப்பட்ட எனக்கு அந்த மேசையில் குனிந்தபோது அது தோன்றவேயில்லை.

"எரிச்சாச்சு, அம்மா. என்ரை பிழை."

"அதிலை நான் தும்முவன். டிரெக்டர் ஏசினவர், ஆனால் வெட்டாமல் விட்டவர். நீர் பாத்தனீரோ?"

"பாத்தனான்."

"சரி. நீராவது பாத்திருக்கிறீர்" என்றார். வெளியே கார் ஹோர்ன் கேட்டது. எழும்பும்போது என் தோளைப் பிடித்துக்கொண்டார். "மகளுக்குச் சொல்லவேண்டாம். அவள் இண்டைக்குத்தான் என்னைக் கண்டவள்."

கெவினிடம் சொன்னேன். "எல்லாருக்கும் நடக்கிறதுதான், போய் வேலையைப் பார்" என்றான். போய்ப் பார்த்தேன். அன்றும் இரண்டு ஷிப்ட்.

பிள்ளைகளே, மெஷினை யாரும் பழக்குவார்கள். நான் சொல்ல இருப்பது ஒன்றுதான். பெட்டியோடு வருகிறவர் ஏதும் சொல்ல வாயைத் திறந்தால், போன் அடிக்கட்டும், விடுங்கள். களைப்பு எனக்கும் இருந்தது. அதைச் சாட்டாகச் சொல்லி ஒரு பயனும் இல்லை.

இரண்டு வருடத்துக்குப் பிறகு கிக்கு அம்மா காலமானார். செத்தவீட்டுக்குப் போனேன். சவப்பெட்டியின் தலைமாட்டில் பெரிதாக்கி ஃபிரேம் போட்ட படம் ஒன்று பூமாலையோடு இருந்தது. ஆற்றங்கரையில் அழுகிற அந்த மனிதர். வந்தவர்கள் ஒவ்வொருவராக அதன் முன்னால் நின்று தலை குனிந்து போனார்கள்.

நவோமி என் பக்கத்தில் வந்து நின்றாள். "நீங்கள் இல்லாட்டி அம்மாவின்ரை இந்த முகம் எங்களுக்கு இல்லை. எவ்வளவு வடிவு, என்ன?"

"ஓம்," என்றேன், "நல்ல வடிவு."