கேமராவைப் பார்த்துச் சிரித்த டர்னர்

1. வெட்டியது

"அவரு மூஞ்சி வரும்னு பக்கத்து வீட்டு டிவி முன்னாடி உக்காந்திருந்தோம் சார். கை மட்டும்தான் வந்துது. கடியாரத்தை வெச்சுதான் அவருன்னு கண்டுபிடிச்சேன்" என்றார் கன்னியம்மா.

நான் பதினோரு வருஷம் சினிமா ஸ்டூடியோவில் படம் வெட்டிவிட்டு, ஹைதராபாத் டிவி நிலையத்தில் ஃபிலிம் எடிட்டராக இருந்த காலம். மல்லாபூர் பக்கம் ஒரு தொழிற்சாலையைப் பற்றி இருபது நிமிஷ டாகுமெண்டரி வெட்டியிருந்தேன். அதில் லேத்தில் இரும்பு கடைந்துகொண்டு நின்ற டர்னர் ஏகாம்பரம், இந்த அம்மாவின் புருஷன். படம் ஒளிபரப்பாவதற்கு முந்தின வாரம் மஞ்சள் காமாலையில் போய்விட்டார்.

எங்கள் தொழிலில் ஒரு சட்டம் உண்டு: கேமராவைப் பார்த்தால் கட். ஏகாம்பரம் லேத்தை நிறுத்திவிட்டு, நேரே லென்ஸைப் பார்த்துச் சிரித்தார். நல்ல சிரிப்புதான். தயவு தாட்சண்யம் பார்க்காமல் வெட்டினேன். அதில் எனக்குப் பெருமை வேறு.

"வீட்டுல போட்டோ இல்லையாம்மா?"

"கல்யாணப் போட்டோ ஒண்ணு இருக்குது. அதுல தலையைக் குனிஞ்சுக்கிட்டு நிக்கறாரு. போட்டோ ஒட்டின கம்பெனி கார்டை அவங்களே திருப்பி வாங்கிக்கிட்டாங்க." மடியில் இருந்த நாலு வயசுப் பெண்ணைக் காட்டினார். "இதுக்கு அவரு மூஞ்சி மறந்துக்கிட்டே வருது சார். அதான் உங்ககிட்ட வந்தேன்."

இன்றைக்குக் கம்ப்யூட்டரில் வெட்டுகிறவர்களுக்கு இது புரியாது. நீங்கள் வெட்டியது எங்கேயும் போகாது, உள்ளேயேதான் கிடக்கும். எங்களுக்கு டிவியில் நெகடிவே கிடையாது. கேமராவில் ஓடிய ஃபிலிமையே கழுவி, அதையே வெட்டுவோம். மிச்சத் துண்டுகள் ஒளிபரப்பு முடிந்ததும் குப்பைக்குப் போய்விடும்.

"எல்லாத்தையும் தூக்கிப் போட்டாச்சும்மா" என்றேன்.

அவர் அழவில்லை. "சரி சார்" என்று எழுந்தார்.

2. நூறு ஃபிரேம்

பக்கத்து டேபிளில் சௌண்ட் பார்க்கும் யாதகிரி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். சிகந்திராபாத் ரயில்வே காலனியில் எங்கள் தமிழ்க் குடும்பங்களோடு வளர்ந்தவர், தமிழ் நன்றாக வரும். "இருங்கம்மா" என்று அவரை நிறுத்திவிட்டு என் பக்கம் திரும்பினார். "சௌண்ட் ரீல்ல ஃபில்லர் எதைப் போட்டே?"

படம் ஒரு சுருள், ஒலி ஒரு சுருள். இரண்டும் ஒரே நீளம் இருக்க வேண்டும். ஒலிச் சுருளில் சத்தமே இல்லாத இடங்களில், வெட்டிப்போட்ட துண்டு எது கைக்கு வருகிறதோ அதை ஒட்டி நிரப்புவோம். அதுதான் ஃபில்லர். அட, எனக்கு இது தோன்றவே இல்லையே!

ஃபிலிம் லைப்ரரியைப் பார்த்துக்கொண்டிருந்த ராவ் காரு ரொம்பக் கறார். "டெலிகாஸ்ட் ஆன ரீலைத் தொடக் கூடாது, தெரியாதா?" என்றார். விஷயத்தைச் சொன்னேன். எட்டிக் கன்னியம்மாவைப் பார்த்தார். "சத்தம் இல்லாத இடம்தானே? அதே நீளத்துக்கு வேறு குப்பையை ஒட்டிவிடு" என்று தெலுங்கில் சொல்லிவிட்டு, டப்பாவைத் தானே எடுத்து வந்தார்.

சுருளைப் பிரித்துத் தேடினோம். முதல் ஃபில்லரில் புகைபோக்கி. அடுத்ததில் வெறும் வானம். பிறகு யாரோ ஒரு அதிகாரியின் முதுகு. யாதகிரி ஹைதராபாத் பாஷையில் "நக்கோ, நக்கோ", வேண்டாம் வேண்டாம் என்று ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டே வந்தார். சுருள் முடியப்போகிற நேரத்தில், தலைகீழாக ஒட்டப்பட்டுக் கிடந்தார் ஏகாம்பரம். எண்ணினால் நூறு ஃபிரேம். நாலே செகண்ட்.

எடிட்டிங் டேபிளில் போட்டு ஓட்டினேன். திரை ஒரு நோட்டுப் புத்தக அகலம்தான். லேத் நின்றது. அவர் நிமிர்ந்தார், சிரித்தார். கன்னியம்மா வாயைப் பொத்திக்கொண்டார். படத்தை அப்படியே நிறுத்தினேன்.

குழந்தை மடியிலிருந்து இறங்கித் திரைக்கு முன்னால் போய் நின்றது. இடது பக்கம் நகர்ந்து பார்த்தது. வலது பக்கம் நகர்ந்து பார்த்தது. பிறகு அம்மாவிடம் திரும்பி, "அப்பா நன்னே சூஸ்துன்னாரு" என்றது.

அதற்குப் பேச்செல்லாம் தெலுங்குதான். அப்பா என்னையே பார்க்கிறார் என்று சொன்னது.

அந்த ஃபிரேமிலிருந்து ஒரு போட்டோ பெரிசாகப் போட்டுக் கொடுத்தோம். கேமராவைப் பார்த்தவர்களை அதற்கப்புறமும் வெட்டத்தான் செய்தேன், வேலை அது. ஆனால் அந்தத் துண்டுகளைத் தனி டப்பாவில் போட்டு, ஒவ்வொன்றிலும் ஆள் பேரை எழுதி வைத்தேன். தெரியாத பேரைக் கேமராமேனிடம் கேட்பேன்.

"வெட்டிப் போட்டவன் பேரு உனக்கு எதுக்கய்யா?" என்று அவர் கிண்டல் பண்ணுவார்.

"அவன் வீட்டிலேர்ந்து யாராவது வருவாங்க" என்பேன்.