டெல்மரின் முள்ளங்கிப் பாத்தி

டார்ச் வெளிச்சத்தில் குழியைக் குனிந்து பார்க்கிறார் டெல்மர் ஹாஸ்கின்ஸ். முந்தின மாலை அதில் வாளி வாளியாகத் தண்ணீர் ஊற்றி வைத்திருந்தார். இன்னும் பல் விளக்கவில்லை, காபி குடிக்கவில்லை. ஒரு குச்சியை விட்டு ஆழம் பார்த்து, "தண்ணி இறங்கல, அப்படியே நிக்குது," என்று தனக்குத்தானே சொல்லிக்கொள்கிறார். அவருக்குச் சற்றுத் தள்ளி, ஆஸ்பத்திரிச் சமையலறை வேலைக்குக் கிளம்பும் அவசரத்தில், மனைவி கிளென்னா காரின் முன்கண்ணாடியில் உறைந்த பனியைச் சுரண்டிக்கொண்டிருக்கிறாள். எதிர்வீட்டு ஜன்னலில் நின்று பல வருடமாக நான் பார்த்துவரும் காட்சி இது. கிளென்னா சுரண்டும் சத்தம் அவர் காதில் விழுந்ததாக எனக்கு நினைவில்லை.

ஒஹையோவின் இந்தத் தெற்கு மூலையில் டெல்மரைத் தெரியாத வீடு குறைவு. வீட்டுத் தொட்டிகளில் கேஸ் நிரப்பும் லாரி ஓட்டுகிறார். தொட்டி நிரம்பும் வரை சும்மா நிற்கத் தெரியாது. வண்டியிலிருந்து ஓர் இரும்புக் கம்பியை உருவி, அடுத்தவர் தோட்டத்து மண்ணில் குத்திப் பார்ப்பார். "நல்ல மண்ணுங்க இது. புல்ல வளத்து வீணாக்குறீங்க," என்று கேட்காத யோசனையும் சொல்வார். அவர் மூக்குக்குத் தனி மரியாதை உண்டு. நிலவறைக்குள் இறங்கி ஒரு தடவை முகர்ந்தாலே எந்த இணைப்பில் கேஸ் கசிகிறது என்று சொல்லிவிடுவார். "மீட்டர் பொய் சொல்லும், என் மூக்கு சொல்லாது," என்பது அவர் வழக்கமான பேச்சு.

அவருக்கு வேண்டியதெல்லாம் சொந்தமாக ஒரு ஹிக்கரி மரம். அக்ரூட்டுக்குப் பங்காளி முறை அது. பண்ணைவீடுகளில், பட்டை உரிந்து தொங்க, கூரைக்கு மேலே நிற்கும். இலையுதிர் காலத்தில் வாடிக்கைக்காரர்கள் பை பையாகக் காய் கொடுத்து அனுப்புவார்கள். டெல்மர் பழைய இஸ்திரிப் பெட்டி ஒன்றை மடியில் கவிழ்த்து வைத்துக்கொண்டு, சுத்தியலால் தட்டி, ஆணியால் பருப்பை நோண்டி எடுப்பார். கிளென்னா கேக் செய்வாள். தெருவில் எங்களுக்கும் துண்டு வரும்.

"ஊரே எனக்குக் குடுக்குது. நானும் நாலு பேருக்குக் குடுக்கணும்ல," என்பார்.

"அது காய்க்கிறப்ப உனக்குக் கடிக்கப் பல்லு இருக்காது," என்பாள் கிளென்னா.

பல்லை விடுங்கள், முதலில் மண் இடம் கொடுக்க வேண்டுமே. எங்கள் தெருவைக் கட்டியவர்கள் மேல்மண்ணை வழித்து விற்றுவிட்டு, மஞ்சள் களிமண்ணை எங்கள் தலையில் கட்டிவிட்டுப் போனார்கள். டெல்மர் வைத்த முதல் கன்று அதில் தேங்கிய தண்ணீரிலேயே செத்தது. இரண்டாவதற்குப் பெரிய குழி வெட்டி, கடையில் வாங்கிய உரமண்ணை மூட்டை மூட்டையாகக் கொட்டினார். ஹிக்கரிக்கு ஆணிவேர் நேராகக் கீழே இறங்க வேண்டும். அதுவோ அந்த நல்ல மண்ணுக்குள்ளேயே வட்டம் அடித்துவிட்டு, அடியில் களிமண்ணைத் தொட மறுத்துவிட்டது. பட்டுப்போன கன்றைப் பிடுங்கி, சுருண்ட வேரைக் கையில் வைத்துக்கொண்டு வாசற்படியில் வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். "குளத்துல மீனாவது விடலாமே டெல்மர்," என்று அதுவரை கிண்டல் செய்துவந்த நான் அன்று ஜன்னலை விட்டு விலகிக்கொண்டேன்.

கிளென்னாவுக்கு அதே இடத்தில்தான் கார் ஷெட் வேண்டும். வேறு எங்கும் இடமில்லை. பனிக்காலம் முழுக்க இருட்டோடு எழுந்து கண்ணாடி சுரண்டுகிறவளுக்கு ஒரு கூரை கேட்க உரிமை இல்லையா என்ன?

"மூணாவது கன்னு ஒண்ணு வெச்சுக்க. அதுவும் போச்சுன்னா காங்கிரீட்டு. சரியா?"

"சரி," என்றார் டெல்மர். காங்கிரீட் போடுகிற ஆள் வந்து நாடா பிடித்து அளந்துவிட்டும் போனான்.

அப்போதுதான் ஒரு விவசாயி அவருக்கு முள்ளங்கி வித்தையைச் சொல்லிக்கொடுத்தார். கோடை முடிவில் நீள முள்ளங்கி விதைத்துப் பிடுங்காமல் விட வேண்டும். அது களிமண்ணைத் துளைத்துக்கொண்டு இறங்கும். கடுங்குளிரில் செத்து அங்கேயே அழுகும். அந்தத் துளைகள் வழியாகத் தண்ணீரும் இறங்கும், பின்னால் மரத்தின் வேரும் இறங்கும். டெல்மர் இடம் முழுக்க விதைத்தார். முழங்கை நீளத்துக்கு விளைந்தது.

"சாலட்டுக்கு ஒண்ணு பிடுங்கித் தாயேன்," என்றாள் கிளென்னா.

"வேலை பாத்துக்கிட்டு இருக்கு. தொந்தரவு பண்ணாத."

பனி இளகிய ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலை, வாசலுக்கு வந்து மூச்சை இழுத்த டெல்மர் அப்படியே நின்றுவிட்டார். அடுத்த நிமிடம் வீடு வீடாகக் கதவைத் தட்டினார். "கேஸ் கசியுது. அடுப்பப் பத்த வைக்காதீங்க, லைட்டு ஸ்விட்சத் தொடாதீங்க, எல்லாரும் வெளிய வாங்க." அவர் மூக்கை நம்பாமல் யார் மூக்கை நம்புவது? போர்வையும் நாய்களுமாகத் தெருமுனையில் போய் நின்றோம். ஆள் குறையாமல் இருக்கிறோமா என்று டெல்மர் எங்களை எண்ணிக்கொண்டிருந்தபோது தீயணைப்பு வண்டி வந்தது. ஓட்டி வந்தவன் கிளென்னாவின் அண்ணன் மகன் டிராவிஸ். வீட்டை நெருங்குவதற்காக வண்டியைப் பின்னால் எடுத்தான், நேராக முள்ளங்கிப் பாத்திக்கு.

தெருமுனைக்கு வராமல் தன் வாசலிலேயே நின்ற கிளென்னா இறங்கிப் போய்ப் பாத்தியின் நடுவில் நின்றாள். மேலே இரவு அங்கி, காலில் கம்பளிச் செருப்பு.

"அத்தை, தள்ளு. கேஸு."

"உள்ள ஏத்தாத. ரோட்லயே நிறுத்து."

"இங்கதான ஷெட்டு போடப்போறேன்னு சொன்ன?"

"சொன்னேன். நிறுத்துடா."

அந்தச் சக்கரம் ஒரு தடவை ஏறி இறங்கியிருந்தால் ஈரமண் செங்கல்லாக இறுகியிருக்கும். அதற்குப்பின் எந்தக் கன்றும் பிடிக்காது, கோடைக்குள் அவளுக்கு ஷெட் வந்திருக்கும். கொஞ்சம் ஒதுங்கி நின்றால் போதும், ஒருவரும் அவளைக் குறை சொல்ல முடியாது. கம்பளிச் செருப்பு சகதியில் முழுக முழுக, அவள் நகராமல் நின்றாள்.

காலடியில் ஏதோ வழுக்க, குனிந்து உருவினாள். வெள்ளையாக, கொழகொழவென்று வந்தது. முகர்ந்து முகத்தைச் சுளித்தாள். மூச்சிரைக்க ஓடிவந்த டெல்மரின் மூக்குக்கு நேரே அதை நீட்டினாள்.

"இது என்ன, சொல்லு."

டெல்மர் முகர்ந்தார். மறுபடி முகர்ந்தார்.

"முள்ளங்கி," என்றார், மெதுவாக.

கசிகிற கேஸும் அழுகின முள்ளங்கியும் ஒரே மாதிரிதான் நாறும். டிராவிஸின் மீட்டரும் கேஸ் இல்லை என்றே சொன்னது. தெருவே சிரித்தது. இன்றைக்கும் போகிற வீடுகளில் எல்லாம் அவரிடம் ஒரு முள்ளங்கியை நீட்டி, "இது கசியுதா பாருங்க டெல்மர்," என்கிறார்கள். அவரும் பொறுமையாக முகர்ந்து பார்த்து, "இது நல்லா இருக்கு," என்கிறார்.

மார்ச் கடைசியில் கன்றை வைத்தார். ஆணிவேர் மடங்காத ஆழத்துக்கு மட்டும் குழி, தோண்டிய மண்ணையே திரும்பப் போட்டு, மான் கடிக்காமல் சுற்றிலும் கம்பி வலை. இந்தமுறை ஊற்றிய தண்ணீர் விடிவதற்குள் இறங்கிவிட்டது. மே மாதம் மொட்டு விரிந்து இலை வந்தது. கிளென்னா அதைப் பார்த்துவிட்டு உள்ளே போய், காங்கிரீட் ஆளுக்குப் போன் செய்து வரவேண்டாம் என்றாள். ஜன்னலுக்கு வெளியே நின்ற டெல்மர் அதைக் கேட்டார். நன்றி சொல்லத் தெரியாத மனிதர், தொப்பியைக் கழற்றி மறுபடி மாட்டிக்கொண்டார்.

இந்த அக்டோபரில் முதல் உறைபனி விழுந்த காலை, எதிர்வீட்டில் வழக்கத்தைவிட முன்னதாகவே டார்ச் வெளிச்சம் தெரிந்தது. உறைபனிக்குக் கன்று எப்படி இருக்கிறதோ என்று பார்க்க ஓடுகிறார் என்று நினைத்தேன். கம்பி வலையைக் கடந்து நேரே காரிடம் போனார். டார்ச்சைப் பல்லில் கடித்துக்கொண்டு முன்கண்ணாடியைச் சுரண்டினார். பின்கண்ணாடியையும் சுரண்டினார். கிளென்னா கைப்பையோடு வாசலுக்கு வந்து நின்று பார்த்தாள். கடைசியாகச் சட்டைக் கையால் ஓட்டுநர் பக்கக் கண்ணாடியைத் துடைத்துவிட்டு, அவளுக்குக் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றார்.