விளிம்புக்குள் ஒரு தையல்

ஊசியக்கா எதைத் தைத்து முடித்தாலும் கடைசியில் ஒரு வேலையை மிச்சம் வைத்திருப்பாள். துணியை உள்பக்கமாகத் திருப்பி, யார் கண்ணும் போகாத ஒரு மடிப்பைத் தேடி, வேறு நிற நூலில் குட்டியாக ஒரு பெருக்கல் குறி போடுவாள். பிறகு குனிந்து நூலைப் பல்லால் கடித்து அறுப்பாள். கத்தரிக்கோல் முழங்கையை உரசிக்கொண்டுதான் கிடக்கும். அதைத் தொட மாட்டாள்.

"கத்தரி எதுக்கும்மா வாங்கி வச்சிருக்க? பல்லு போயிடப் போகுது" என்று மகள் பள்ளிக்கூடத்துக் காலத்திலிருந்து சொல்லி வருகிறாள்.

"போனா நீ சம்பாதிச்சுக் கட்டிவிடு. அதுக்குத்தானே படிக்க வைக்கிறேன்."

அந்தக் குறிக்கு ஒரு காரணம் இருந்தது. தொழிலுக்கு வந்த புதிதில், தையல் விட்டுப்போன ஒரு கவுனைத் தூக்கிக்கொண்டு ஒருத்தி வந்து வாசலில் நின்று தெருவே கூடும்படி கத்தினாள். ஊசியக்கா அதை வாங்கி உள்ளும் புறமும் புரட்டிப் பார்த்தாள். "இது என் கை இல்லம்மா" என்றாள். ஆனால் அதை நிரூபிக்க அன்று அவளிடம் ஒன்றும் இல்லை. அன்றைக்குப் பிறகு பெருக்கல் குறி இல்லாமல் ஒரு தலையணை உறைகூட அந்த வீட்டைவிட்டு வெளியே போனதில்லை. யாராவது சண்டைக்கு வந்தால் வாயைத் திறக்க மாட்டாள், மடிப்பைத் திறப்பாள். குறி இருந்தால் மறுபேச்சில்லாமல் பிரித்துத் தைத்துக் கொடுப்பாள். இல்லையென்றால் அப்புறம்தான் வாயைத் திறப்பாள். ஊசியக்கா என்ற பட்டப்பெயர் தையலால் மட்டும் வந்ததில்லை.

அவள் கட்டிக்கொண்டு வந்த குடும்பத்திலும் சரி, பிறந்த குடும்பத்திலும் சரி, பட்டம் வாங்கிய முதல் ஆள் அவள் மகள்தான். கணவர் போய்ச் சேர்ந்த பிறகு தையல் மிஷினும் இவள் காலும் சேர்ந்து படிக்க வைத்த பெண். அவள் கல்லூரி முடித்து வந்த நாளிலிருந்து, தெருவுக்கு அப்பால் இருக்கும் உலகம் முழுவதும் மகளின் வாய் வழியாகத்தான் ஊசியக்காவுக்கு வந்து சேர்ந்தது. வங்கியில் என்ன கேட்கிறார்கள், ஆஸ்பத்திரியில் டாக்டர் என்ன சொன்னார், வாடகை ஒப்பந்தத்தில் என்ன இருக்கிறது, எல்லாம். "நான் ஒண்ணும் கைநாட்டு இல்ல. கையெழுத்துப் போடுவேன். எதுல போடுறேன்னு மட்டும் என் பொண்ணுக்குத் தெரியும்" என்று தெருவில் சொல்லிச் சிரிப்பாள். அதைவிடப் பெரிய பெருமையை அவளுக்குச் சொல்லத் தெரியாது.

வேலை கிடைத்து, முதல் நீண்ட விடுமுறையில் மகள் அவளை ஒரு ஏரிக்கரை ஊருக்கு அழைத்துப் போனாள். நல்லது கெட்டதுக்குத் தவிர ஊசியக்கா பஸ் ஏறியதில்லை. போன இடத்தில் சும்மா இருக்கவும் தெரியவில்லை. தங்கிய அறையின் ஜன்னல் திரையில் ஓரம் பிரிந்திருந்ததைப் பார்த்துவிட்டு, கைப்பையிலிருந்து ஊசியை எடுத்துத் தைத்துவிட்டாள்.

"அம்மா, நாம காசு குடுத்துத் தங்கியிருக்கோம்!"

"அதுக்காக? கண்ணுல குத்துதுடி."

மறுநாள்தான் மண்பாண்டப் பயிலரங்குக்குப் போனார்கள். பயணிகள் தங்கள் கையாலேயே ஒரு பானை செய்து பார்க்கலாம் என்று மகள் எங்கோ படித்து இடம் பிடித்து வைத்திருந்தாள். தகரக் கூரை போட்ட நீண்ட கொட்டகை. வரிசையாக மின்சாரச் சக்கரங்கள், ஒவ்வொன்றின் கீழும் காலால் அழுத்தும் ஒரு மிதி. ஈர மண் வாசனையோடு பக்கத்துச் சூளையின் அனலும் வந்துகொண்டிருந்தது. அந்த ஊர்ப் பேச்சு வேறு. நடத்துகிற பெண் சொல்வது மகளுக்குப் புரிந்தது, இவளுக்கு இல்லை. ஊசியக்கா அவளுக்குச் சக்கரக்காரி என்று பெயர் வைத்துக்கொண்டாள்.

மற்றவர்கள் மிதியை ஒரே அழுத்தாக அழுத்தி, மண்ணைத் தங்கள் மேலும் பக்கத்தில் இருப்பவர் மேலும் வாரி இறைத்தார்கள். மகளின் கிண்ணம் இரண்டு முறை பறந்தது. ஊசியக்காவின் கால் மட்டும் மிதியின் மேல் பூனை போல உட்கார்ந்திருந்தது. சட்டைக் காலரின் வளைவில் மிஷினை எப்படி மெல்ல விடுவாளோ, அப்படி விட்டாள். சக்கரக்காரி அவள் காலைப் பார்த்தாள், முகத்தைப் பார்த்தாள், தன் மொழியில் ஏதோ சொல்லிச் சிரித்தாள்.

"என்னடி சொல்றா?"

"உங்கம்மா இதுக்கு முன்னாடி செஞ்சிருக்காங்களான்னு கேக்குறாங்க."

"போன ஜென்மத்துலன்னு சொல்லு."

கால் கேட்டது, கை கேட்கவில்லை. துணி சொன்ன இடத்தில் நிற்கும். மண் நிற்கவில்லை. முதல் பானை தொப்பென்று உட்கார்ந்தது. நேரம் முடிந்து மற்றவர்கள் டீ குடிக்க எழுந்துவிட்டார்கள். அப்போதுதான் ஊசியக்கா சக்கரக்காரியின் முன்துணியைக் கவனித்தாள். உடையில் மண் படாமலிருக்க மேலே கட்டிக்கொண்டிருந்த அந்தத் துணியில் பை ஒரு பக்கம் தொங்கியது, கயிறு முடிச்சு முடிச்சாக இருந்தது. ஊசியக்கா அதை இரண்டு விரலால் பிடித்துத் தூக்கி, முகத்தைச் சுளித்து, காற்றில் தைத்துக் காட்டினாள். புதுசாகத் தைத்து அனுப்புகிறேன் என்று சைகை. பிறகு தன் முதல் பானையின் சவத்தைக் காட்டி, ஒரு விரலை நீட்டினாள். இன்னும் ஒரே ஒரு தடவை.

சக்கரக்காரிக்கு மொழிபெயர்ப்பே தேவைப்படவில்லை. டீயை ஓரமாக வைத்துவிட்டு, ஒரு உருண்டை மண்ணைச் சக்கரத்தில் அறைந்தாள். ஊசியக்கா அவளைத் தோளிலிருந்து முழங்கால்வரை சாண் போட்டு அளந்துகொண்டாள். பேரம் முடிந்தது.

இரண்டாவது பானை நின்றது. ஒரு பக்கம் சாய்ந்து, தூங்கி எழுந்த ஆள் போல. விளிம்பு அலையடித்தது. வயிறு ஒரு இடத்தில் தடிமன், ஒரு இடத்தில் மெல்லிசு. ஆனால் நின்றது. ஊசியக்கா கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் ஆயுளில் அளவெடுக்காமல், யாருக்கென்று இல்லாமல், எவரும் கேட்காமல் செய்த முதல் பொருள் அது. பிறகு, பழக்கம் எங்கே போகும், விளிம்புக்கு உள்பக்கமாக நகத்தால் குட்டியாக ஒரு பெருக்கல் குறி போட்டாள். சக்கரக்காரி அதைப் பார்த்துத் தலையசைத்தாள். கைகழுவப் போயிருந்த மகள் பார்க்கவில்லை.

மகள் திரும்பி வந்ததும் சக்கரக்காரி, ஊசியக்காவைப் பார்த்தபடியே, மகளிடம் ஏதோ கேட்டாள். கொஞ்சம் நீளமான கேள்வி. மகள் பானையைப் பார்த்தாள், அம்மாவைப் பார்த்தாள், சுருக்கமாக ஏதோ சொன்னாள். சக்கரக்காரி மறுபடி கேட்டாள். மகள் தலையாட்டினாள்.

"என்னடி?"

"ஒண்ணுமில்லம்மா. சுட்டு அனுப்புவாங்களாம். அட்ரஸ் கேக்குறாங்க."

பெட்டி வந்தபோது ஊசியக்கா தைத்துக்கொண்டிருந்த பள்ளிச் சீருடையை அப்படியே போட்டுவிட்டு எழுந்தாள். வைக்கோலை விலக்கி எடுத்தாள். அதே சாய்வு, அதே அலை. ஆனால் கையில் ஏறியபோது கனம் வேறாக இருந்தது. சாய்வுகூட, சாய வேண்டும் என்று சாய்ந்த மாதிரி இருந்தது. விரலை உள்ளே விட்டு விளிம்பைச் சுற்றித் தடவினாள். ஒரு சுற்று. இன்னொரு சுற்று.

"இது என் கை இல்ல."

"என்னம்மா சொல்ற? அச்சு அசலா இருக்கு."

"உள்ள குறி போட்டிருந்தேன். இல்ல."

மகள் சிதறிய வைக்கோலை அள்ளிப் பெட்டிக்குள் போட்டாள். பிறகு சொன்னாள்: "நெருப்புல வைக்கிறாங்கல்ல, சின்னச் சின்ன கோடெல்லாம் அழிஞ்சிடும்மா. இந்தப் பெட்டி அட்டையெல்லாம் தூக்கிப் போட்டுடவா?"

ஊசியக்காவுக்குச் சூளையைப் பற்றி என்ன தெரியும்? படித்த பெண் சொல்கிறாள். கை சொன்னதை ஓரமாக வைத்துவிட்டு, காது சொன்னதை எடுத்துக்கொண்டாள். பானை கூடத்து அலமாரியில் ஏறியது. முன்துணிக்கு நல்ல கெட்டித் துணியாகப் பார்த்து வாங்கி வெட்டினாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மகளின் ஆபீஸ்காரர்கள் சாப்பிட வந்தார்கள். மகள்தான் பானையை எடுத்துக் காட்டினாள். "எங்கம்மா செஞ்சது. முதல் தடவையே!" அவளுடைய மேலதிகாரி அம்மாள் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, "ஆன்ட்டி, நம்பவே முடியல" என்றாள். ஊசியக்கா வெட்கத்தோடு சிரித்தாள். மிதியை எப்படி விட வேண்டும் என்று காலைத் தூக்கி நடித்துக்கூடக் காட்டினாள். எல்லோரும் கைதட்டினார்கள்.

ஊசியக்கா பெருமையடித்ததைக் கேட்டுத்தான் மாடி வீட்டு டீச்சரும் அந்த ஏரிக்கரை ஊருக்குப் போனார். திரும்பி வந்த அன்றே, துண்டில் சுற்றிய ஒரு பொட்டலத்தோடு படியிறங்கி வந்தார்.

"பாருங்கக்கா, என் அழகை."

ஒரு கிண்ணம். சுடாத பச்சை மண். விளிம்பில் விரிசல். துண்டெல்லாம் தூள்.

"என்ன டீச்சர், சுடாமலே குடுத்துட்டாங்க?"

"நான்தான் கேட்டு வாங்கினேன். அந்தம்மா வெளிப்படையா சொல்லிடுறாங்கக்கா. புதுசா செய்றவங்க பானை அடி கனமா இருக்குமாம், சூளையில வெடிச்சுப் பக்கத்துல இருக்கறதையும் உடைச்சிடுமாம். அதனால, உங்களுதைப் பச்சையா எடுத்துட்டுப் போறீங்களா, இல்ல அது மாதிரியே நான் ஒண்ணு செஞ்சு சுட்டு அனுப்பவான்னு ஒவ்வொருத்தர்கிட்டயும் கேப்பாங்க. ரெண்டு தடவ கேப்பாங்க. உங்ககிட்டயும் கேட்டிருப்பாங்களே?"

ஊசியக்கா கிண்ணத்தை டீச்சரின் கையில் மெதுவாக வைத்தாள்.

"விட்டுட்டுப் போறதெல்லாம் என்ன ஆகும்?"

"தண்ணியில கரைச்சு மறுபடி மண்ணாக்கிடுவாங்களாம். யாரு கண்டா, உங்க மண்ணுதான் என் கிண்ணமோ என்னவோ!" டீச்சர் சிரித்தார். சிரிப்பு தனியாகப் போய்த் திரும்பி வந்தது.

சாயங்காலம் மகள் வந்து செருப்பைக் கழற்றும்போதே ஊசியக்கா கேட்டாள்.

"அன்னைக்கு அவ என்ன கேட்டா?"

"எவ?"

"சக்கரக்காரி. அட்ரஸ் கேட்டாளா?"

மகளின் கண் அலமாரிக்குப் போய்த் திரும்பியது. அதுவே போதும். ஆனாலும் ஊசியக்கா காத்திருந்தாள்.

"அம்மா, அது பஸ்ஸுல வந்து சேர்ந்திருக்காது. உடைஞ்சிருக்கும். நீ வருத்தப்படுவியேன்னுதான்..."

"உடைஞ்சா என்னுது உடையும்."

"ஒரு பானைக்காம்மா இவ்வளவு?"

"பானைக்கா? அவ என்னைப் பார்த்துல்ல கேட்டா. எனக்குக் கேட்ட கேள்விக்கு நீ எப்படிடி பதில் சொன்ன?"

"நல்லதுக்குத்தானே சொன்னேன்."

"சரி, சொன்ன. குறி இல்லன்னு நான் தடவித் தடவிப் பார்த்தப்ப நெருப்புல அழிஞ்சிடுச்சுன்ன. உங்க ஆபீஸ்காரங்க முன்னாடி, எவளோ செஞ்சதை என் கைன்னு நான் பல்லைக் காட்டிட்டு நின்னேன். காலைத் தூக்கி ஆடிக் காட்டினேன். நீ பார்த்துட்டு நின்ன."

"அவங்க எல்லாரும் உன்னை நல்லா நினைச்சாங்கம்மா."

"என்னையா? என்னை எங்க பார்த்தாங்க?"

மகள் அழுதாள். ஊசியக்கா அழவில்லை. தட்டை எடுத்து வைத்தாள், பரிமாறினாள். ஒன்று மட்டும் கேட்டாள், அதுவும் தட்டைக் கழுவும்போது, திரும்பாமல்:

"இன்னும் எத்தனை அட்ரஸ்டி இருக்கு?"

மறுநாள் காலை மகள் வேலைக்குக் கிளம்பியதும், ஊசியக்கா தலைமாட்டில் இருந்த மாத்திரை அட்டையை எடுத்துக்கொண்டு மூலை மருந்துக்கடைக்குப் போனாள். டாக்டர் மகளிடம் நெடுநேரம் பேசி, மகள் இவளிடம் "வெறும் சத்து மாத்திரைம்மா" என்று ஒரு வரியில் சொல்லிக் கொடுத்த மாத்திரை.

"தம்பி, இது எதுக்குப் போடுறது?"

கடைக்காரர் மூக்குக்கண்ணாடியை ஏற்றிப் பார்த்தார். "சத்து மாத்திரைதாம்மா. ஏன், ஏதாச்சும் பண்ணுதா?"

"இல்ல தம்பி. ஒண்ணும் பண்ணல."

திரும்பி வரும் வழியில் அவளுக்கு நிம்மதி வரவில்லை. மகள் உண்மைதான் சொல்லியிருக்கிறாள். அதைத் தெரிந்துகொள்ள ஒரு கடைக்காரரிடம் போய் நிற்க வேண்டியிருந்ததே, அதுதான் நெஞ்சில் கிடந்து உறுத்தியது. பெற்ற பிள்ளையின் வார்த்தையை உள்பக்கம் திருப்பிப் பார்க்கிறவளாகத் தன்னை ஆக்கிவிட்டாளே என்று நினைத்தாள்.

வீட்டுக்கு வந்து பானையை அலமாரியிலிருந்து இறக்கினாள். போட்டு உடைக்கத்தான் எடுத்தாள் போல. ஆனால் விரல் பழையபடி உள்ளே போய் விளிம்பைத் தடவியது. சாய்வை அப்படியே செய்திருந்தாள் சக்கரக்காரி. அலையை, வயிற்றின் தடிமனைக்கூட. குறியை மட்டும் விட்டிருந்தாள். பார்த்துத் தலையசைத்தவள்தானே, மறந்திருக்க மாட்டாள். அது இன்னொருத்தியின் கை என்று தெரிந்துதான் விட்டிருக்கிறாள். அந்த வெற்று இடம் ஒன்றுதான் அந்தப் பெட்டியில் பொய் சொல்லாமல் வந்து சேர்ந்தது.

பானையைத் திரும்ப வைத்தாள். யாராவது கேட்டால், "அது ஏரிக்கரை ஊர்ல ஒரு பொம்பளை செஞ்சது" என்று சொல்கிறாள். மகள் பக்கத்தில் இருந்தாலும் சொல்கிறாள். மகள் தலையைக் குனிந்துகொள்கிறாள்.

முன்துணியைத் தைத்து முடித்தாள். இரண்டு பை, கெட்டித் தையல், கழுத்துக்கும் இடுப்புக்கும் முடிச்சே விழாத பட்டைக் கயிறு. அனுப்புவதற்கு விலாசம் வேண்டும். டீச்சர் எழுதித் தருகிறேன் என்றார். "வேணாம் டீச்சர். அன்னைக்கு நடந்த பேச்சு எம் பொண்ணுக்கும் அந்தம்மாவுக்கும். அதை இவளே முழுசா எனக்குச் சொல்லட்டும், அப்ப வாங்கிக்கிறேன்" என்றாள் ஊசியக்கா. டீச்சர் இதை மகளிடம் சொன்னாரா என்பது தெரியாது. மகள் ஒருநாள் மிஷின் பக்கத்தில் வந்து நின்று, முன்துணியைத் தொட்டுப் பார்த்து, "நல்லா வந்திருக்கும்மா, அனுப்பிடவா?" என்றாள். அன்றைய கேள்வியைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. ஊசியக்கா மிதியை அழுத்தினாள். மிஷின் சத்தத்தில் அந்தப் பேச்சு அப்படியே நின்றுபோனது.

இப்போதும் அந்த முன்துணி மிஷின் இழுப்பறையில் மடித்துக் கிடக்கிறது. வேறு நிற நூல் கோத்த ஊசி அதன் ஓரத்தில் குத்தி நிற்கிறது. பெருக்கல் குறி இன்னும் போடவில்லை. ஏரிக்கரையில் சக்கரக்காரி, பை தொங்கும் அந்தப் பழைய துணியைத்தான் கட்டிக்கொண்டிருப்பாள்.