படிக்கட்டுக்கு அடியில் ஒரு மோட்டார்

கல்யாணங்களுக்கு வீடியோ எடுத்துத்தான் அவள் வயிறு வளர்த்தாள். ஆவணப்படம் மனசுக்கு. இரண்டாவது படத்துக்காக ரயில் பாதை ஓரத்து ஐந்து மாடிக் குடியிருப்புக்குப் போய் வந்துகொண்டிருந்தாள். கட்டடத்தை இடிக்கப் போவதாகச் சொல்லி அங்கே தண்ணீரை நிறுத்தியிருந்தார்கள். குடியிருந்தவர்கள் காலி செய்துகொண்டு கிளம்பிவிடவில்லை. கீழ்வீட்டு பிளம்பர் தெருக்குழாயிலிருந்து திருட்டுத்தனமாக ஓர் இணைப்பு இழுத்து, பழைய மோட்டார் ஒன்றை மாட்டி, மொட்டைமாடித் தொட்டிக்குத் தண்ணீர் ஏற்றிவிட்டார்.

“இதையும் எடும்மா,” என்று பிளம்பரின் மனைவி படிக்கட்டுக்கு அடியிலிருந்த பலகையை நகர்த்திக் காட்டினாள். “எங்க வீட்டுக்காரர் கைவேலை. நாலு பேர் பாக்கட்டும்.”

கொஞ்சம் தயங்கிவிட்டு எடுத்தாள். எடிட்டிங்கில் உட்கார்ந்தபோது, படத்துக்கே உயிர் அந்தக் காட்சிதான் என்று தெரிந்தது. வெட்ட மனசு வரவில்லை.

திரையிட்ட இடங்களில் எல்லாம் படத்துக்கு நல்ல பேர். ஒரு நாள் காலை அந்தக் குடியிருப்புக்கு அதிகாரிகள் வந்தார்கள். எங்கும் தேடவில்லை. நேரே குனிந்து பலகையை நகர்த்தினார்கள். மோட்டாரையும் பிளம்பரையும் ஒரே வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்கள்.

செய்தி கேட்டு அவள் அரக்கப்பரக்க ஓடினாள். படியெங்கும் குடங்களோடு ஆட்கள் மூச்சு வாங்க ஏறிக்கொண்டிருந்தார்கள். தன்மேல் வழக்குப் பதிவாகி வீட்டுக்குத் திரும்பியிருந்த பிளம்பர், “நம்ம மோட்டாருக்கு முதல் படமே கடைசிப் படமாயிடுச்சு,” என்றார். அவர் மட்டும்தான் சிரித்தார்.

“நான் அதைப் போட்டிருக்கக் கூடாதுக்கா,” என்றாள் அவள்.

“எனக்கு விவரம் பத்தாது, காட்டிட்டேன். உனக்குத் தெரியும்ல?” என்றாள் பிளம்பரின் மனைவி.



அன்றே அவள் அந்தக் காட்சியைப் படத்திலிருந்து நீக்கினாள். இனி நீக்கி என்ன, ஏற்கெனவே பார்த்தவர்கள் பார்த்தாயிற்று.

பிறகு குடியிருப்புக்காரர்கள் தண்ணீர் கேட்டு மாநகராட்சி அலுவலகத்துக்குக் கிளம்பியபோது, மாடிவீட்டு டிரைவர் அவளுக்கு போன் செய்தார். “கேமரா இருந்தா அவங்க வாய் கொஞ்சம் அடங்கும். வா. ஆனா நாங்க சொல்றத மட்டும்தான் எடுக்கணும்.”

போனாள். கேமராவைக் கண்டதும் அதிகாரி சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டு, எல்லாருக்கும் நாற்காலி போடச் சொன்னார். வாரம் ஒரு லாரி தண்ணீருக்கு ஒத்துக்கொண்டார். இடிக்கும் உத்தரவைப் பற்றி மட்டும் பேச்சே எடுக்கவில்லை.

வழக்கு இன்னும் நடக்கிறது. லாரி வருகிற நாளில் அவளும் வந்து குடம் தூக்குகிறாள். பிளம்பரின் மனைவி வழிவிட்டு ஒதுங்குவாள். பேச்சு மட்டும் இல்லை.